புலம்பெயர்ந்த சித்திர ஆசிரியர் ஒருவரின் வாழ்க்கையை ஆவணப்படுத்துவது எப்படி

யாழ்ப்பாணத்தில் ஒரு சித்திர ஆசிரியர் காலமானால், முப்பத்தோராம் நாளில் வெளியிடப்படும் நினைவு மலரில் அவர் பிறந்த ஊர், கற்ற பாடசாலை, கற்பித்த பாடசாலைகள், பெற்ற பட்டங்கள், பிள்ளைகளும் மருமக்களும் ஆகிய எல்லா விபரங்களும் ஒழுங்காக இடம்பெற்றுவிடும். அவர் கீறிய படங்கள் எவை, அவை இன்று யாருடைய வீட்டில் இருக்கின்றன, எந்தக் கடதாசியில் எந்த வர்ணத்தைக் கொண்டு கீறினார், வகுப்பறையில் பிள்ளைகளுக்கு ஒரு பனைமரத்தை எப்படிப் பார்க்கக் கற்றுக்கொடுத்தார் என்பவற்றை அதில் தேடினால் கிடைக்காது. அவர் புலம்பெயர்ந்தவராகவும் இருந்துவிட்டால் ஆவணங்கள் இரண்டு மூன்று நாடுகளுக்குச் சிதறிவிடுகின்றன: இளமைக்கால ஓவியங்கள் ஊரில் உறவினர் வீட்டுப் பரணில், இடைக்காலத்தவை கொழும்பில் தெரிந்தவர்களிடம், பிற்காலத்தவை பரிஸிலோ ரொறொன்ரோவிலோ ஒரு தொடர்மாடி வீட்டின் நிலக்கீழ் அறையில் என்ற நிலைதான் பெரும்பாலும் காணப்படுகிறது.

இந்த வழிகாட்டி அத்தகைய ஓவியர்-ஆசிரியர் ஒருவரின் பிள்ளைக்காகவும் பழைய மாணவருக்காகவும் ஊர்ச் சங்கத்து நண்பருக்காகவும் எழுதப்படுகிறது. இந்த வேலைக்குக் கலை வரலாற்றுப் பட்டம் தேவையில்லை. பொறுமையும் ஒழுங்கும் அளவுநாடாவும் ஓரளவு நல்ல கமராவும் போதும். ஆனால் ஆசிரியர் உயிரோடு இருக்கும்போதே தொடங்குவது முக்கியம். 1981 மே 31ஆம் திகதி இரவு தொடங்கிய எரிப்பில் யாழ்ப்பாணப் பொது நூலகத்தின் ஏறத்தாழ 97,000 நூல்கள் அழிந்ததை நாம் மறக்கவில்லை. ஆனால் வீடுகளில் இருந்த ஓவியங்களின் அழிவை யாரும் கணக்கெடுத்ததில்லை. 1995 ஒக்ரோபர் 30இல் போரினால் யாழ்ப்பாணக் குடாநாட்டின் வலிகாமப் பகுதி முழுவதும் ஒரே இரவில் அருகிலுள்ள தென்மராட்சியை நோக்கி நகர்ந்தபோது மக்கள் கையில் எடுத்தவை பத்திரங்களும் நகைகளும் உடுப்புகளுமே. சட்டமிட்ட படத்தைத் தூக்கிக்கொண்டு அந்தச் சனநெரிசலில் நடந்திருக்க முடியாது. குருநகரில் பிறந்து தலைமுறைகளாக மாணவரை உருவாக்கிய ஓவியர் அ. மாற்குவின் படைப்புகளில் பல அந்த இடப்பெயர்வோடு இல்லாமற்போயின. அதற்கு முன்னரே, 1987இல், அவரைப் பற்றிய சிறப்பு மலர் ஒன்று யாழ்ப்பாணத்தில் வெளிவந்திருந்தது. இழப்புக்கு முன்னர் அச்சேறிய அத்தகைய மலர் ஒன்று எவ்வளவு பெறுமதியானது என்பதை இன்று அவரைப் பற்றி எழுத முற்படும் எவரும் உணர்வார்.

படங்களிலிருந்து தொடங்குங்கள்

வாழ்க்கை வரலாறு எழுதப்போகிறவர்கள் வழக்கமாகப் பிறப்பிலிருந்து தொடங்குவார்கள். நான் பரிந்துரைப்பது, படைப்புகளின் பட்டியலிலிருந்து தொடங்குவதையே. பட்டியல் உருவாகும்போதே எந்த ஆண்டில் எங்கே இருந்தார், எப்போது எதுவும் கீறாமல் இருந்தார், எப்போது வர்ணம் மாறியது என்பவை தாமாகவே வெளிப்படும். அவற்றையே பின்னர் கேள்விகளாக்கலாம்.

ஒவ்வொரு படைப்புக்கும் ஓர் இலக்கம் கொடுங்கள். அந்த இலக்கத்தைப் படத்தின் மேல் எழுதவோ ஒட்டவோ கூடாது. கடதாசி ஓவியமானால் பின்புற ஓரத்தில் மென்மையான பென்சிலால் அழுத்தாமல் குறிக்கலாம், மற்றவற்றுக்கு நூலில் கட்டிய அட்டை போதும். பட்டியலில் தலைப்பு (ஆசிரியரே இட்டதா, நீங்கள் அடையாளத்துக்காக இட்டதா என்ற குறிப்புடன்), ஆண்டு, ஊடகம், எதன் மேல் வரையப்பட்டது, உயரமும் அகலமும் சென்ரிமீற்றரில், கையொப்பம் எங்கே எந்த மொழியில் இருக்கிறது, தற்போதைய நிலை, யாரிடம் உள்ளது, அவரிடம் எப்படி வந்தது ஆகியவை இருக்க வேண்டும். அளவை எழுதும்போது எப்போதும் உயரத்தை முதலில் எழுதுங்கள். ஆண்டு நிச்சயமில்லையென்றால் ‘ஏறத்தாழ’ என்று குறித்து, எதை வைத்து அப்படிக் கருதினீர்கள் என்பதையும் ஒரு வரியில் எழுதுங்கள். காரணம் எழுதப்படாத ஊகம் பத்து ஆண்டுகளில் உண்மையாக உருமாறிவிடும்.

அழிந்துபோன படங்களுக்கும் இலக்கம் கொடுங்கள். ‘1995இல் வீட்டில் விட்டுவந்தது, ஹாட்போட்டில் தைலவர்ணம், ஏறத்தாழ இரண்டடி உயரம், கரைவலை இழுப்பவர்கள்’ என்று ஆசிரியரின் வாய்மொழியைப் பதிந்தால் அது ஒரு முழுமையான பதிவு. அந்தப் படத்துக்கு முன்னால் நின்று எடுத்த குடும்பப் புகைப்படம் எங்காவது இருக்கலாம். கல்யாண அல்பங்களையும் பிறந்தநாள் படங்களையும் உருப்பெருக்கியோடு பாருங்கள். மணமக்களின் பின்னால் சுவரில் தொங்கிய ஓவியம் அதில் மட்டுமே மிஞ்சியிருக்கக் கூடும்.

படத்தின் முகப்பைப் பார்ப்பதற்கு எவ்வளவு நேரம் செலவிடுகிறீர்களோ அவ்வளவு நேரத்தை முதுகுப் புறத்துக்கும் செலவிடுங்கள். ஒரு நீர்வர்ண ஓவியத்தைத் திருப்பிப் பிடித்துப் பாருங்கள். நான்கு மூலைகளிலும் ஊசித் துளைகள் இருந்தால் அது சட்டமிடப்படாமல் வகுப்பறைப் பலகையில் குத்தப்பட்டு மாணவருக்கு மாதிரியாகப் பயன்பட்டிருக்கலாம். குறுக்கும் நெடுக்குமாக மடிப்புக் கோடுகள் ஓடினால், அது ஒரு சூட்கேஸுக்குள் உடுப்புகளுக்கு நடுவே பயணித்திருக்கக் கூடும். பின்னால் பாதி கீறி விட்ட வேறொரு படம், பரீட்சைப் புள்ளிகளின் கூட்டல், சட்டமிட்ட கடையின் ஒட்டுச்சீட்டு, கண்காட்சி இலக்கம், யாருக்கோ எழுதத் தொடங்கிய கடிதத்தின் முதல் வரி எல்லாம் இருக்கலாம். இரண்டு பக்கத்தையும் படம் எடுக்க வேண்டும்.

ஒளிப்படம் எடுப்பதற்கு நேரடி வெயில் படாத விறாந்தை நல்ல இடம். குளிர்நாடுகளில் முகில் மூடிய நாளில் யன்னலோரம் போதும். ஃபிளாஷ் பயன்படுத்தாதீர்கள். மின்விளக்கு வைப்பதானால் ஒரே வகையான இரண்டு விளக்குகளைப் படத்தின் இரு பக்கங்களிலும் 45 பாகைச் சரிவில் வையுங்கள். பகல் வெளிச்சத்தையும் மின்வெளிச்சத்தையும் கலந்தால் நிறம் கெட்டுவிடும். கமரா படத்துக்கு நேராக நிற்கிறதா என்று அறிய எளிய வழி உண்டு: படம் இருக்கப்போகும் இடத்தின் நடுவில், அதே சாய்வில், சிறிய தட்டைக் கண்ணாடி ஒன்றை வைத்து, கமராவின் திரையின் மையத்தில் அதன் வில்லையே தெரியும்வரை நகர்த்துங்கள், அதன் பின்னர் கண்ணாடியை எடுத்துவிட்டுப் படத்தை வையுங்கள். முதல் பிரதியில் நிற அட்டையும் அளவுகோலும் ஓரத்தில் தெரிய வேண்டும். தைலவர்ணப் படமானால், விளக்கைப் பக்கவாட்டில் தாழ்வாக வைத்து இன்னொரு படம் எடுங்கள். தூரிகை ஓடிய திசையும் பின்னர் திருத்திய இடங்களும் அந்தச் சாய்வொளியில்தான் தெரியும். மூலக் கோப்பைச் சுருக்காமல் சேமியுங்கள். வட்ஸ்அப்பில் சாதாரணமாக அனுப்பும் படம் சுருங்கிவிடும் என்பதால், வெளிநாட்டு உறவினர்களிடம் கேட்கும்போது ‘ஆவணமாக’ அனுப்பச் சொல்லுங்கள்.

பழுதான படங்களைத் திருத்த முயல வேண்டாம். மஞ்சளித்த செலோரேப்பை இழுத்தால் கடதாசியின் மேற்பரப்பும் கூடவே வரும். கறையான், பூஞ்சணம் கண்ட படத்தை மற்றவற்றிலிருந்து பிரித்து வையுங்கள். எங்கள் ஊரில் மாரிகாலம் முடியும்வரை பரணையும் மண்சுவரை ஒட்டிய அலுமாரியையும் நம்ப முடியாது. சுருட்டி அனுப்பியே ஆக வேண்டிய தைலவர்ணச் சீலையை, வர்ணப் பக்கம் வெளியே இருக்குமாறு, அகன்ற குழாயின் மேல் சுற்ற வேண்டும். உட்புறமாகச் சுருட்டினால் வர்ணம் நெரிந்து, விரிக்கும்போது வெடித்து உதிரும்.

ஆசிரியரோடு பேசுதல்

‘உங்கள் கலை வாழ்க்கையைப் பற்றிச் சொல்லுங்கோ’ என்று கேட்டால் மேடைப் பேச்சுத்தான் கிடைக்கும். ஒரு படத்தை முன்னால் வைத்து, ‘மாஸ்டர், இதில வானத்தை ஏன் கீறாமல் விட்டனீங்கள்?’ என்று கேளுங்கள். அல்லது ‘இந்த நீலம் எங்க வாங்கினது?’ என்று கேளுங்கள். நீலம் வாங்கிய கடையின் பெயரோடு அந்தத் தெருவும், அப்போது கிடைத்த சம்பளமும், வர்ணத்துக்காக வீட்டில் எழுந்த சச்சரவும், பொருளாதாரத் தடைக் காலத்தில் எதை எதற்குப் பதிலாகப் பயன்படுத்தினார் என்பதும் சேர்ந்தே வரும். முதியவர்களின் நினைவு பொருள்களையும் இடங்களையும் பற்றிக்கொண்டு நகர்வது. ஆண்டுகளைப் பற்றிக்கொண்டு நகர்வதில்லை.

ஆண்டைக் கண்டுபிடிக்க ஊரறிந்த நிகழ்வுகளை நங்கூரமாக்குங்கள்: 1964 டிசம்பர்ப் புயலுக்கு முன்னரா பின்னரா, 1974 ஜனவரியில் தமிழாராய்ச்சி மாநாடு நடந்தபோது எந்தப் பாடசாலையில் இருந்தார், 1983 ஜூலையில் எங்கே இருந்தார், 1987இல் இந்திய இராணுவம் வந்தபோது ஓவியங்கள் எந்த வீட்டில் இருந்தன என்று கேட்டால் விடை பெரும்பாலும் சரியாக இருக்கும். ஒரே நிகழ்வை வேறொரு நாளில் வேறு வழியாக மறுபடி கேட்டு ஒப்பிடுங்கள். முரண்பட்டால் இரண்டையும் பதியுங்கள்.

ஒரு அமர்வு ஒன்றரை மணித்தியாலத்துக்கு மேல் நீளக் கூடாது. மின்விசிறியை நிறுத்தி, தொலைக்காட்சியை அணைத்து, ஒலிப்பதிவுக் கருவியை அவருக்கு அருகில் துணியின் மேல் வையுங்கள். பதிவைத் தொடங்கியதும் திகதி, இடம், யார் பேசுகிறார்கள் என்பதைச் சொல்லி, ஆசிரியரின் சம்மதத்தையும் அவர் குரலிலேயே பதிந்துகொள்ளுங்கள். அதோடு வாழ்க்கைத் துணையிடம் தனியாகப் பேசுவதைத் தவறவிடாதீர்கள். எந்தப் படத்தை யாருக்குக் கொடுத்தார்கள், எதை விற்றார்கள், எது எந்தப் பெட்டியில் வந்தது என்பவற்றைத் துல்லியமாக அறிந்தவர் பல வீடுகளில் அவரே. சித்திரம் கற்பித்த ஆசிரியைகளைப் பற்றி எழுதும்போது இன்னும் கவனம் வேண்டும்: திருமணத்தின் பின் பெயர் மாறியதால் இளமைக்காலப் பரிசுச் சான்றிதழும் கண்காட்சி அழைப்பிதழும் வேறு பெயரில் கிடக்கக் கூடும், ‘ரீச்சருக்கு வீட்டு வேலைக்கு நடுவில எப்ப கீற நேரம் கிடைச்சது?’ என்ற கேள்வி ஆண்களிடம் கேட்கப்படாத, ஆனால் அவருடைய படங்களின் அளவையே தீர்மானித்த விடயத்தை வெளிக்கொணரும்.

கற்பித்த வாழ்க்கை

இந்த வேலையில் மிக அதிகமாகப் புறக்கணிக்கப்படுவது ஆசிரியத் தொழிலே. ஓவியம் சுவரில் தொங்குகிறது; பாடம் நடந்த அன்றே முடிந்துவிடுகிறது. ஆனாலும் யாழ்ப்பாணத்தின் ஓவிய வரலாறு காட்சிக்கூடங்களால் உருவானதல்ல. 1938இல் எஸ். ஆர். கனகசபை முதலானோர் முன்னின்று, சித்திரக் கல்வியின் வித்தியாதரிசியாக (பாடசாலைப் பரிசோதகராக) இருந்த வின்சரின் பெயரில் அமைத்த கழகத்திலிருந்து பார்த்தால், அந்த வரலாறு பாடசாலை ஆசிரியர்களும் அவர்களுடைய விடுமுறை நாள் வகுப்புகளும் ஒருவருக்கொருவர் கைமாற்றிய வரலாறாகவே தெரிகிறது. ஆகவே ஓர் ஓவியர் யாரிடம் கற்றார் என்பதோடு நிறுத்திவிடாமல், அவர் யாருக்கு எதை எப்படிக் கற்பித்தார் என்பதற்கு உங்கள் நேரத்தில் பாதியையாவது ஒதுக்குங்கள்.

இதற்குரிய சான்றுகள் மாணவர்களிடமே இருக்கின்றன. பாடசாலையின் பழைய மாணவர் சங்கங்கள் கொழும்பிலும் லண்டனிலும் ரொறொன்ரோவிலும் சிட்னியிலும் இயங்குகின்றன. அவர்களிடம் ‘சித்திர மாஸ்டரைப் பற்றி எழுதித் தாருங்கள்’ என்று கேட்காமல், ‘உங்கள் சித்திரக் கொப்பி இருக்கிறதா?’ என்று கேளுங்கள். ஒரு கொப்பி கிடைத்தால் அதை ஒவ்வொரு பக்கமாகப் பாருங்கள். மாணவன் கீறிய பூவரசம் இலைக்குப் பக்கத்தில், ஓரத்து வெற்றிடத்தில், ஆசிரியர் சிவப்புப் பென்சிலால் அதே இலையை நான்கே கோடுகளில் கீறிக் காட்டியிருப்பார்; மாணவனின் கோட்டை அழித்திருக்கமாட்டார். அடுத்த பக்கத்து இலையில் நடு நரம்பு வளைந்திருக்கும். கற்பித்தல் நடந்ததற்கு இதைவிட நேரடியான சான்று கிடையாது. பிள்ளையின் படத்தின் மேலேயே திருத்திக் கீறுபவரா, பக்கத்தில் கீறிக் காட்டுபவரா, ஒன்றும் கீறாமல் ‘திரும்பவும் போய் மரத்தைப் பார்’ என்று அனுப்புபவரா என்ற வேறுபாட்டில் ஓர் ஆசிரியரின் முழு நோக்கும் அடங்கியிருக்கிறது.

மாணவர்களிடம் கேட்க வேண்டியவை: முதல் நாளில் என்ன கீறச் சொன்னார், வர்ணம் வாங்க வசதியில்லாத பிள்ளைகளுக்கு என்ன செய்தார், கறுப்பு வர்ணத்தைப் பயன்படுத்த விட்டாரா, வெளியே கூட்டிச் சென்றாரா, எங்கே, க.பொ.த. சாதாரண தரப் பரீட்சைக்கு ஆயத்தப்படுத்தும்போது சந்தை, பொங்கல், தேர்த்திருவிழா போன்ற தலைப்புகளை மனனம் செய்து கீறப் பழக்கினாரா, அதற்கு உடன்படாமல் நின்றாரா. புகழுரையாக வரும் விடைகளை நன்றியோடு வாங்கி வைத்துவிட்டு, மறுபடி கேளுங்கள். அடித்தார், ஏசினார் என்ற நினைவுகளும் வரும். அவற்றையும் பதிய வேண்டும்.

அச்சுச் சான்றுகளுக்கு, பாடசாலை ஆண்டு மலர்கள், பரிசளிப்பு விழா அறிக்கைகள், ‘ஈழநாடு’, ‘உதயன்’ போன்ற நாளேடுகள், ‘மல்லிகை’, ‘அலை’ போன்ற சஞ்சிகைகளின் அட்டைகளும் உட்பக்கக் கோட்டோவியங்களும் ஆகியவற்றைத் தேடுங்கள். 2005இல் தொடங்கப்பட்ட நூலகம் எண்ணிம நூலகத்தில் இவற்றில் பெருந்தொகையானவை இலவசமாக வாசிக்கக் கிடைக்கின்றன. நினைவு மலர்களும் அங்கே சேர்க்கப்பட்டிருக்கின்றன. கோப்பாய், பலாலி ஆசிரிய கலாசாலைகளிலோ கொழும்பு நுண்கலைக் கல்லூரியிலோ பயின்றவராயின் அவருடைய சக மாணவர்களையும் தேட வேண்டும். கூத்து மேடைக்குக் கீறிய சீன் (பின்திரை), கோயில் வாகனங்களுக்கு இட்ட வர்ணம், கடைப் பெயர்ப்பலகை, கல்யாண மணவறை என்பவற்றைச் சிலர் சொல்லத் தயங்குவார்கள். தயக்கத்தை மதித்து, ஆனால் விடாமல் கேளுங்கள். சம்பளம் போதாத காலத்தில் தைலவர்ணம் வாங்கிக் கொடுத்தது அந்த வேலைகளே; பெரிய பரப்பில் கை பழகியதும் அங்கேதான்.

கடல் கடந்த பின்னர்

புலம்பெயர்ந்த வாழ்க்கையைப் பற்றி எழுதும்போது பயணக் கதை மற்ற எல்லாவற்றையும் விழுங்கிவிடும் ஆபத்து உண்டு. எந்த வழியாக வந்தார், யார் கூட்டிவந்தார்கள், எங்கே தடுத்து வைக்கப்பட்டார் என்பவற்றை அவர் தாமாகச் சொன்னால் கேளுங்கள். ஆனால் உடன் வந்தவர்களின் பெயரையும் வழியையும் வெளியிடாதீர்கள். புகலிடக் கோரிக்கையில் சொன்னதற்கும் இப்போது சொல்வதற்கும் இடையே வேறுபாடு இருந்தால் அதைத் துருவுவது உங்கள் வேலையல்ல. ஐரோப்பிய ஒன்றிய நாடுகளில் வாழும் ஒருவர், 2018 மே 25 முதல் நடைமுறையிலுள்ள தரவுப் பாதுகாப்பு ஒழுங்குவிதியின்படி, தம்மைப் பற்றி அலுவலகங்கள் வைத்திருக்கும் தரவுகளின் பிரதியைத் தாமே கேட்டுப் பெறலாம். வந்த திகதியையும் முதல் முகவரிகளையும் உறுதிப்படுத்த இது உதவும். விண்ணப்பம் அவருடைய பெயரில், அவருடைய விருப்பத்தோடு போக வேண்டும்.

எழுதப்பட வேண்டியது அன்றாடம்: உணவகச் சமையலறையில் இரவு வேலை முடித்துவிட்டு எந்த மேசையில் கீறினார், முதல் சம்பளத்தில் என்ன தூரிகை வாங்கினார், உள்ளூர் ஓவியர் சங்கம் எதிலாவது சேர்ந்தாரா, மொழி தெரியாத காலத்தில் அந்நாட்டுப் பிள்ளைகளுக்குக் கற்பித்தாரா. வார இறுதித் தமிழ்ப் பாடசாலைகளில் சித்திரம் கற்பித்தவராயின், பனையை ஒருபோதும் காணாத பிள்ளைகளுக்குப் பனையை எப்படிக் கீறக் கொடுத்தார் என்று கேளுங்கள். அவர் கையால் எழுதிய பயிற்சித் தாள்களைச் சேருங்கள். பிள்ளைகள் கீறிய பனைகளையும் சேருங்கள். அவற்றில் பல, ஊசியிலை மரங்களைப் போலத் தோன்றும், அவையே அந்த வகுப்பின் உண்மையான பதிவு.

படங்களுக்குப் பொருள் சொல்லும்போது நிதானம் தேவை. ஒவ்வொரு சிவப்பும் இரத்தமல்ல, ஒவ்வொரு மங்கிய வானமும் அகதி வாழ்வின் சோகமல்ல. முதலில் பொருளைச் சோதியுங்கள். ஆளிவிதை எண்ணெயில் குழைத்த வர்ணம் இருட்டில் நெடுங்காலம் கிடந்தால் மஞ்சளிக்கும். நீர்வர்ணத்தில் சில சிவப்புகள் வெளிச்சம் பட்டு வெளிறிவிடும். சட்டத்தின் விளிம்புக்குள் மறைந்திருந்த ஓரத்தைப் பார்த்தால் அது முதலில் எவ்வளவு ஆழ்ந்த நிறமாக இருந்தது என்பது புரியும். பெரிய தைலவர்ணங்கள் நின்று சிறிய பஸ்டல் படங்கள் தொடங்கியதற்கு, இரண்டு குடும்பங்கள் பகிர்ந்த ஓர் அறையில் வர்ணம் கரைக்கும் ரேப்பந்தைல மணத்துக்கு இடமில்லாமற்போனதே காரணமாக இருக்கலாம். காரணத்தை ஓவியரிடமே கேட்க முடியும்போது ஊகிப்பது நியாயமில்லை.

எழுதி ஒப்படைத்தல்

எழுதும்போது அடைமொழிகளைக் குறையுங்கள். ‘ஒப்பற்ற கலைஞர்’ என்று எழுதுவதற்குப் பதிலாக, அவர் ஒரு கையை எப்படிக் கீறினார் என்று ஒரு பத்தி எழுதினால் வாசகர் தாமே முடிவு செய்வார். நேர்காணலில் கேட்டது, ஆவணத்தில் கண்டது, நீங்கள் கருதுவது ஆகிய மூன்றும் ஒன்றோடொன்று கலக்காமல் வேறுவேறாகத் தெரிய வேண்டும். பிரதியை ஆசிரியரிடம் வாசித்துக் காட்டி, அவர் நீக்கச் சொல்லும் தனிப்பட்ட விடயங்களை நீக்குங்கள். ஆண்டுகளையும் இடங்களையும் அவர் திருத்தினால் பழைய பதிவையும் அழிக்காமல் வைத்திருங்கள்.

படம் ஒருவரிடம் இருப்பதால் அதை அச்சிடும் உரிமையும் அவருக்கு உண்டு என்று எண்ணிவிடக் கூடாது. இலங்கையின் 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டத்தின்படி பதிப்புரிமை படைப்பாளியின் ஆயுட்காலத்துக்கும் அதன் பின் 70 ஆண்டுகளுக்கும் நீடிக்கும். ஆகவே ஆசிரியர் நலமாக இருக்கும்போதே, எவற்றை யார் எந்த நோக்கத்துக்கு வெளியிடலாம் என்று எழுத்தில் கையொப்பம் வாங்கிக்கொள்ளுங்கள். பின்னர் நான்கு நாடுகளில் வாழும் வாரிசுகளின் சம்மதத்தைச் சேர்ப்பது மிகக் கடினம்.

முடிந்த கோவையின் ஒரு பிரதி குடும்பத்திடமும், ஒன்று வேறொரு நாட்டில் உள்ள நம்பிக்கையான ஒருவரிடமும், ஒன்று பொது நிறுவனமொன்றிலும் இருக்க வேண்டும். நூலகம் நிறுவனத்தோடும், யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் நுண்கலைத் துறையினரோடும், அவர் கற்பித்த பாடசாலையின் நூலகத்தோடும் முன்கூட்டியே பேசி, எந்த வடிவில் ஏற்றுக்கொள்வார்கள் என்று கேட்டுக்கொள்ளுங்கள். வன்தட்டில் உள்ள கோப்புகளை ஆண்டுக்கு ஒருமுறையாவது திறந்து பார்த்து, சில ஆண்டுகளுக்கொருமுறை புதிய தட்டுக்கு மாற்றுங்கள். பட்டியலை மட்டும் கடதாசியிலும் அச்சிட்டு, மூல ஓவியங்கள் இருக்கும் ஒவ்வொரு வீட்டுக்கும், அந்த வீட்டில் உள்ள படங்களின் இலக்கங்களை அடையாளமிட்டு ஒரு பிரதி அனுப்பிவையுங்கள். வீடு மாறினாலோ படம் கைமாறினாலோ யாருக்கு அறிவிக்க வேண்டும் என்பதை அதன் முதற்பக்கத்தில் எழுதிவிடுங்கள்.